வரவும் பற்றும்: கடல் கடந்த ஒரு கணக்குக் கதை

சித்திரை வருடப் பிறப்பு என்றவுடன் மருத்துநீர், புது உடுப்பு, கைவிசேடம், போர்த்தேங்காய் என்று பல விடயங்கள் எங்கள் நினைவுக்கு வரும். இவற்றோடு சேர்ந்த இன்னுமொன்றை இந்த நாடுகளுக்கு வந்த பிறகு நாங்கள் மெல்ல மெல்ல மறந்து வருகின்றோம். அதுதான் புதுக்கணக்கு. ஊரில் கடை வைத்திருந்தவர்கள் பஞ்சாங்கத்தில் நல்ல நேரம் பார்த்து, புதுக் கொப்பியின் முதற் பக்கத்தில் மஞ்சள் தடவி, பிள்ளையார் சுழி போட்டு, வருடத்தின் முதல் வரவை எழுதுவார்கள். பழைய கடன் வைத்திருந்தவர்களும் அன்றைக்கு வந்து தங்களால் இயன்றதைக் கட்டிவிட்டுப் போவார்கள்.

இன்று எங்கட ஆட்களில் எத்தனையோ பேர் கடை, உணவகம், அச்சகம், நகைக்கடை என்று சொந்தத் தொழில் செய்கிறார்கள். ஆனால் "கணக்கு" என்று சொன்னால், வருட முடிவில் வரிக் கந்தோருக்குக் காட்டுகிற கடுதாசிக் கட்டு என்ற எண்ணம்தான் பலருக்கு வருகிறது. பற்றுச்சீட்டுகளை ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கணக்காளரிடம் கொடுத்துவிட்டால் கடமை முடிந்தது! இந்த நேரத்தில், கணக்கு எழுதுவதையே தங்கள் வாழ்வாக்கிக்கொண்டு கடல் கடந்த ஒரு தமிழ்ச் சமூகத்தின் கதையைத் திரும்பிப் பார்ப்பது நல்லது. அவர்களின் வெற்றியும் தோல்வியும் ஏதிலிகளாகிய எங்களுக்குச் சொல்லுகிற சங்கதி நிறைய உண்டு.

நகரத்தாரும் அவர்களது கடைகளும்

காரைக்குடி, தேவகோட்டையைச் சுற்றியுள்ள செட்டிநாட்டு ஊர்களைச் சேர்ந்தவர்கள் நாட்டுக்கோட்டை நகரத்தார். 19ஆம் நூற்றாண்டில் இவர்கள் இலங்கை, பர்மா, மலாயா, சிங்கப்பூர், இந்தோசீனா என்று வெள்ளைக்கார ஆட்சி போன இடமெல்லாம் போய் வட்டிக்கடை வைத்தார்கள். ஐரோப்பிய வங்கிகள் உள்ளூர்ச் சனங்களுக்குக் கடன் கொடுக்காத காலம் அது. ஒரு பக்கம் வங்கியிடம் வாங்கி, மறுபக்கம் விவசாயிக்கும் சிறு வியாபாரிக்கும் கொடுத்தவர்கள் இவர்கள்.

முதலாளி செட்டிநாட்டில் இருப்பார். கடை ரங்கூனிலோ கொழும்பிலோ இருக்கும். நடுவில் கடல். தொலைபேசி கிடையாது. அப்படியானால் அங்கே பெட்டியில் இருக்கிற பணத்தை இங்கே இருக்கிறவர் எப்படி நம்பினார்? சாதி, உறவு, கோயில் ஆகிய மூன்றும் காரணம் என்று பலரும் எழுதியிருக்கிறார்கள். உண்மைதான். ஆனால் உறவுக்காரன் ஏமாற்றமாட்டான் என்று நம்பி ஆயிரக்கணக்கான மைலுக்கு அப்பால் யாரும் பணத்தை விட்டுவைப்பதில்லை. அந்த நம்பிக்கைக்குக் கீழே அத்திவாரமாக இருந்தது கணக்கு.

கடைக்குப் பொறுப்பான முகவர் வழக்கமாக 3 வருடத் தவணைக்குத்தான் அனுப்பப்படுவார். தவணை முடிந்ததும் முழுக் கணக்கையும் முடித்துக் காட்டி அடுத்தவரிடம் ஒப்படைத்துவிட்டு ஊர் திரும்ப வேண்டும். அவருக்குக் கீழே "அடுத்தாள்". அவருக்கும் கீழே "பெட்டியடிப் பையன்". இந்தப் பையன் சின்ன வயதிலேயே கடைக்கு வந்து, அங்கேயே சாப்பிட்டு, அங்கேயே படுத்து, கூட்டிப் பெருக்குவது முதல் கடிதங்களைப் பார்த்தெழுதுவது வரை எல்லா வேலையும் செய்வான். அவனுக்கு அதுதான் பல்கலைக்கழகம். அந்தப் பெட்டியடியிலிருந்து மேலே வந்தவர்கள்தான் பிறகு பெரிய பெரிய கடைகளை நடத்தினார்கள்.

அவன் கடைக்கு வரும்போதே கணக்கில் பாதி படித்தவனாகத்தான் வருவான். திண்ணைப் பள்ளிக்கூடத்தில் எண்சுவடியை மனப்பாடம் செய்திருப்பான். பதினாறில் ஒன்று மாகாணி, இருபதில் ஒன்று மா, எண்பதில் ஒன்று காணி, முந்நூற்றிருபதில் ஒன்று முந்திரி. எங்கள் பிள்ளைகளுக்கு இன்று முந்திரி என்றால் வாயில் போடுகிற சாமான் மட்டும்தான்! இந்தப் பின்னங்களை மனதுக்குள் பெருக்கி வட்டி பார்க்கத் தெரிந்தவனுக்குப் பென்சிலும் தேவைப்படவில்லை.

சிட்டை, பேரேடு, ஐந்தொகை

நகரத்தார் கடையில் அன்றன்றைய கொடுக்கல் வாங்கல் முதலில் சிட்டையில் ஏறும். பிறகு அங்கிருந்து ஆளுக்கொரு பக்கமாகப் பேரேட்டில் ஏறும். பேரேட்டைக் கூட்டிப் பார்த்து ஐந்தொகை எடுப்பார்கள். இந்த ஐந்தொகை என்ற சொல் எங்களுக்குப் புதிதல்ல. இலங்கையில் வர்த்தகப் பிரிவில் படித்தவர்கள் பேரேட்டையும் ஐந்தொகையையும் பரீட்சைக்காக எழுதி எழுதிக் கை நொந்தவர்கள்தான். செட்டியார் கடைப் பெட்டியடியில் புழங்கிய சொற்கள்தான் எங்கள் பாடப் புத்தகத்திலும் ஏறியிருந்தன.

இந்த முறையின் உயிர்நாடி என்னவென்றால் ஒவ்வொரு கொடுக்கல் வாங்கலும் இரண்டு இடத்தில் எழுதப்படுவதுதான். கந்தசாமிக்கு 100 ரூபா கடன் கொடுத்தால், கந்தசாமியின் பக்கத்தில் 100 ரூபா பற்று. அதே 100 ரூபா பெட்டியிலிருந்து வெளியே போனதாக இன்னோரிடத்தில் எழுதவேண்டும். கடைசியில் இரண்டு பக்கத் தொகையும் சமமாக வரவேண்டும். வராவிட்டால் எங்கேயோ பிழை, அல்லது களவு. அதைக் கண்டுபிடிக்கும்வரை யாருக்கும் நித்திரை இல்லை.

வரவுக்கும் பற்றுக்கும் தமிழில் தனிக் குறியீடுகளே இருந்தன. பற்றுக்கு ௶, வரவுக்கு ௷, மேற்படிக்கு ௸, ரூபாவுக்கு ௹. நாள், மாதம், வருடம் ஆகியவற்றுக்கும் தனித்தனிக் குறிகள் உண்டு. பழைய கணக்கேடுகளிலும் உறுதிகளிலும் இவற்றைக் காணலாம். இன்று பேனா பிடிக்கிற எவரும் இவற்றை எழுதுவதில்லை. ஆனால் உலகக் கணனிகளுக்கான யுனிகோட் எழுத்துத் தொகுதியில் இந்தக் குறிகளுக்கும் இடம் கொடுத்திருக்கிறார்கள். உங்கள் பிள்ளையின் கைத்தொலைபேசிக்குள்ளும் இவை இருக்கின்றன. தேடிப் பார்க்கச் சொல்லுங்கள்.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். கடையின் இலாபத்திலும் கொடுக்கல் வாங்கலிலும் ஒரு சிறு பங்கு "மகமை" என்று கோயிலுக்கும் தருமத்துக்கும் ஒதுக்கப்பட்டது. அதுவும் கணக்கில் ஏறும். சாமி காசுதானே, பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று விடவில்லை. "ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு" என்பது இதுதான். கோயில்களும் சங்கங்களும் நடத்துகிற எங்களுக்கு இந்த ஒரு பழக்கம் போதும்.

வெனிஸ் நகரத்துத் துறவி

இரட்டைப் பதிவு என்றவுடன் மேற்கு நாட்டுப் புத்தகங்களில் வருகிற முதற் பெயர் லூக்கா பச்சியோலி. இத்தாலி நாட்டுப் பிரான்சிஸ்கன் துறவி. 1494இல் வெனிஸில் அச்சான தனது கணித நூலில், அந்த நகரத்து வணிகர்கள் கணக்கு எழுதும் முறையை ஒரு பகுதியாக விளக்கியிருந்தார். அவர் அதைக் கண்டுபிடிக்கவில்லை. வணிகர்கள் ஏற்கனவே செய்துவந்ததை ஒழுங்குபடுத்தி எழுதினார். அவர் சொன்னதும் மூன்று ஏடுகள்தான்: நடந்ததை நடந்தபடி எழுதும் குறிப்பேடு, ஒழுங்குபடுத்திய நாளேடு, ஆளுக்கொரு பக்கமாகப் பிரித்த பேரேடு. முதல் ஏடுகளில் சிலுவை அடையாளம் இடவேண்டும் என்றும் சொன்னார்.

செட்டிநாட்டில் பிள்ளையார் சுழி, வெனிஸில் சிலுவை! யார் யாரிடம் படித்தது என்று நாங்கள் சண்டை பிடிக்கத் தேவையில்லை. கண் காணாத தூரத்தில் தன் பணத்தை விட்டுவைக்கிற வணிகன் எந்த நாட்டவனானாலும் அவனுக்கு ஒரே கஷ்டம்தான். அதற்கு அவன் கண்ட வழியும் கிட்டத்தட்ட ஒன்றுதான். பொய் எழுதக்கூடாது என்று தன்னையே கட்டிப்போட இரு கூட்டத்தாரும் கடவுளைச் சாட்சிக்குக் கூப்பிட்டார்கள்.

கொழும்புச் செட்டியார் தெரு

கொழும்பில் கடல் வீதி என்று ஆங்கிலத்தில் சொல்லப்படுகிற தெருவுக்குத் தமிழில் செட்டியார் தெரு என்று பெயர். அங்கே கதிரேசன் கோயில்களைக் கட்டி, ஆடிவேல் விழாவை நடத்திய நகரத்தார்தான் கோப்பித் தோட்டக் காலத்திலிருந்து இலங்கையின் கடன் வியாபாரத்திலும் அரிசி வியாபாரத்திலும் முக்கிய இடம் வகித்தார்கள். 1925இல் ஒரு பெரிய செட்டியார் கடை முறிந்ததைத் தொடர்ந்து ஐரோப்பிய வங்கிகள் இவர்களுக்குக் கொடுத்துவந்த கடனை இறுக்கிப் பிடித்தன. அந்தத் தட்டுப்பாடு உள்ளூர் வியாபாரத்தையும் தாக்கியது. நாட்டுக்கென ஒரு வங்கி வேண்டும் என்ற குரல் வலுத்து, 1934இல் வங்கி ஆணைக்குழு அறிக்கை கொடுத்து, 1939இல் இலங்கை வங்கி திறக்கப்பட்டது.

கணக்குப் புத்தகத்தைப் பற்றிச் சட்டம் என்ன சொன்னது என்பதையும் இங்கே பார்ப்போம். இலங்கையின் 1895ஆம் ஆண்டுச் சான்றுக் கட்டளைச் சட்டத்தின் 34ஆம் பிரிவு இரண்டு விடயம் சொல்கிறது. தொழில் நடக்கையில் ஒழுங்காக எழுதப்பட்டுவந்த கணக்குப் புத்தகத்தின் பதிவு நீதிமன்றத்தில் ஏற்புடையது. ஆனால் அந்தப் பதிவு ஒன்றை மட்டும் வைத்து ஒருவர் மேல் பொறுப்பைச் சுமத்த முடியாது. எவ்வளவு நிதானமான சட்டம் பாருங்கள்! "ஒழுங்காக" என்ற சொல்லில்தான் முழுப் பாரமும் இருக்கிறது. வழக்கு வந்த பிறகு இரவோடிரவாக எழுதிய கொப்பிக்கு அங்கே மதிப்பில்லை. ஒழுங்காக எழுதிய கொப்பிக்கும் துணையாக வேறு சாட்சி வேண்டும். ஏனென்றால் பேனா ஒருவரின் கையில்தானே இருக்கிறது?

பேனா இல்லாதவரின் கதி என்ன? அவர் பெருவிரலைத்தான் வைத்தார். 100 ரூபாவுக்குப் புறோநோட்டு எழுதி, வட்டியை முன்கூட்டியே கழித்துக்கொண்டு மிச்சத்தைக் கையில் கொடுப்பதெல்லாம் அந்தக் காலத்தில் நடந்தது. அதனால்தான் 1918ஆம் ஆண்டின் கடன்கொடுத்தல் பற்றிய கட்டளைச் சட்டம், உண்மையில் கைக்கு வந்த தொகை எவ்வளவு, முன்கூட்டிக் கழித்தது எவ்வளவு, வட்டி என்ன என்பவற்றைப் புறோநோட்டிலேயே காட்டவேண்டும் என்று விதித்தது. கணக்குத் தெரிந்தவனிடமிருந்து கணக்குத் தெரியாதவனைக் காப்பாற்ற வந்த சட்டம் இது.

பர்மாவில் நடந்தது

நகரத்தாரின் மிகப் பெரிய களம் பர்மா. 1929-30இல் அங்கே நடந்த வங்கி விசாரணையின்போது சுமார் 1650 செட்டியார் கடைகள் இருந்ததாக மதிப்பிடப்பட்டது. ரங்கூன் மொகல் வீதிக் கோயிலில் ஒவ்வொரு தமிழ் மாதமும் கூடி, தங்களுக்குள் கொடுக்கல் வாங்கலுக்கான "நடப்பு வட்டி"யை நிர்ணயிப்பார்கள். எல்லாம் ஒழுங்கு, எல்லாம் கணக்கு.

1930இல் உலகப் பொருளாதார மந்தம் வந்தது. நெல் விலை விழுந்தது. பர்மிய விவசாயியால் கடனைக் கட்ட முடியவில்லை. பேரேட்டில் இருந்தபடி ஈடு வைத்த வயல்கள் கடைக்காரர் கைக்கு வந்தன. கீழ்ப் பர்மாவின் முக்கியமான 13 நெல் மாவட்டங்களில் 1930இல் நூற்றுக்கு 6 பங்கு வயல் செட்டியார்களிடம் இருந்தது. 1937இல் அது நூற்றுக்கு 25 பங்கு! அவர்கள் நிலத்துக்காகக் கடன் கொடுக்கவில்லை, பணம்தான் வேண்டும் என்று சொன்னதும் உண்மை. வயலை இழந்தவனின் கோபமும் உண்மை. கணக்குச் சரியாகத்தான் இருந்தது. ஆனால் அந்த மண்ணின் சனங்கள் அதை நியாயமென்று ஏற்கவில்லை. ஏட்டிலே பற்று எழுதினவர்கள் சனத்தின் மனதிலே எழுதப்பட்டதைக் கவனிக்கவில்லை.

1941 டிசம்பரில் ரங்கூனில் யப்பானியக் குண்டு விழுந்தது. அதன் பிறகு 1942இல் இலட்சக்கணக்கான இந்தியர்கள் பர்மாவை விட்டு ஓடினார்கள். காடும் மலையும் கடந்து கால்நடையாக வந்தவர்களில் பல்லாயிரம் பேர் வழியிலேயே பசியாலும் நோயாலும் மாண்டார்கள். யுத்தம் முடிந்து சிலர் திரும்பிப் போனார்கள். 1948இல் நில தேசியமயச் சட்டம் வந்தது. 1962இல் இராணுவம் ஆட்சியைப் பிடித்தது. 1963இல் வங்கிகளும், 1964இல் கடைகளும் அரசுடைமையாயின. அதே 1964 மே மாதத்தில் 50, 100 கியாட் தாள்களும் செல்லாதவையாக்கப்பட்டன. சுமார் 3 இலட்சம் பேர் கப்பலேறினார்கள். சென்னையில் இருக்கிற பர்மா பஜார் அவர்களில் ஒரு பகுதியினர் பிழைப்புக்காகத் தொடங்கியதுதான்.

அவர்களுடைய பேரேடுகள் காசு தம்பிடி பிசகாமல் இருந்திருக்கும். ஆனால் கட்டவேண்டியவனும் இல்லை, கட்டு என்று உத்தரவிட நீதிமன்றமும் இல்லை. ஏட்டில் இருக்கிற உரிமையைக் கையில் எடுத்துத் தர ஒரு நாடும் சட்டமும் பின்னால் நிற்கவேண்டும். அது இல்லாதபோது பேரேடு வெறும் கடுதாசிதான். ஏதிலியாக வந்த எங்களுக்கு இதை யாரும் விளக்கத் தேவையில்லை.

எரிந்து போனவை

1983 ஆடிக் கலவரத்தில் கொழும்பிலும் மற்ற ஊர்களிலும் தமிழர் கடைகள் எரிந்தன. எந்த வீடு தமிழருடையது என்று பார்க்க வாக்காளர் பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு வந்தார்கள் என்பது பலரும் பதிவு செய்த விடயம். பதிவேடு என்பது ஆளைக் காப்பாற்றவும் செய்யும், ஆளைக் காட்டிக் கொடுக்கவும் செய்யும். அது யாருடைய கையில் இருக்கிறது என்பதைப் பொறுத்தது.

கடையோடு சேர்ந்து கணக்குக் கொப்பியும் எரிந்தது. யாரிடம் வரவேண்டும், யாருக்குக் கொடுக்கவேண்டும், களஞ்சியத்தில் என்ன சரக்கு இருந்தது, எல்லாம் சாம்பல். சேதமான சொத்துக்களை அவசரகால விதிகளின் கீழ் அரசு தன் பொறுப்பில் எடுத்தது. அவற்றைத் திரும்பப் பெறுவதற்கு "ரெப்பியா" என்று சொல்லப்பட்ட அதிகாரசபைக்கு விண்ணப்பிக்கவேண்டி வந்தது. விண்ணப்பம் என்றால் ஆதாரம் வேண்டும். ஆதாரம் எரிந்த கடைக்குள்! இதற்கு இரண்டு வருடத்துக்கு முன்னர், 1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்தபோது சுமார் 97,000 நூல்களும் ஏடுகளும் போனதைப் பற்றி நாங்கள் நிறையப் பேசுகிறோம். பேசத்தான் வேண்டும். ஆனால் சின்னச் சின்னக் கடைகளின் பேரேடுகளும் எங்கள் சரித்திரம்தான். ஒரு ஊரில் எந்த வருடம் அரிசி என்ன விலை, யார் கடனில் புகையிலை பயிரிட்டார், கோயில் திருவிழாவுக்கு யார் என்ன கொடுத்தார் என்பதையெல்லாம் அந்தக் கொப்பிகள்தான் அறியும். அவற்றுக்காக யாரும் அழவில்லை.

நகரத்தாரிடம் இதற்கு ஒரு பதில் இருந்தது. வெளியூர்க் கடையின் முகவர் காலத்துக்குக் காலம் கணக்கறிக்கையும் கடிதமும் செட்டிநாட்டு முதலாளிக்கு அனுப்பிக்கொண்டே இருப்பார். அதனால் கடையின் நிலைமை கடலின் இரண்டு கரையிலும் எழுத்தில் இருந்தது. ஒரு கரையில் தீப்பிடித்தாலும் மறு கரையில் ஓரளவு விபரம் மிஞ்சும்.

எங்கட வீட்டுக் கணக்கு

இனி எங்கள் பக்கம் வருவோம். நாங்கள் வாழும் நாடுகளில் தொழிற் பதிவுகளை எத்தனை வருடம் வைத்திருக்கவேண்டும் என்று சட்டமே இருக்கிறது. சுவிற்சர்லாந்தில் 10 வருடம். கனடாவில் சம்பந்தப்பட்ட வரி வருடம் முடிந்து 6 வருடம். மற்ற நாடுகளுக்கும் இப்படி ஒவ்வொரு விதி உண்டு. கடைப் பற்றுச்சீட்டு அச்சாகிற வெப்பத்தாள் நாள் போக எழுத்து மங்கி வெள்ளையாகிவிடும். பையில் போட்டு வைத்தால் 5 வருடத்தில் உங்களிடம் இருப்பது வெறும் வெள்ளைத் தாள். வாங்கிய கிழமையே படம் எடுத்தோ பிரதி எடுத்தோ வைக்கவேண்டும். அந்தப் பிரதியையும் கடையில் மட்டும் வைக்காமல் இன்னொரு இடத்திலும் வைக்கவேண்டும். செட்டிநாட்டுப் பாடம் இது.

சட்டம் கேட்காத கணக்கும் எங்களிடம் உண்டு. சீட்டுப் பிடிக்கிறோம். எத்தனையோ குடும்பங்கள் தலை நிமிர்ந்ததும், கடை திறந்ததும், தம்பி தங்கையைக் கூப்பிட்டதும் சீட்டுக் காசில்தான். தாச்சி நல்ல மனிசன் என்ற நம்பிக்கையில் கொடுக்கிறோம். நல்ல மனிசனுக்கும் வருத்தம் வரும், மறதி வரும். கூறியது எவ்வளவு, கழிவு எவ்வளவு, கட்டியது யார், எடுத்தது யார் என்று எல்லோரிடமும் ஒரே கணக்கின் பிரதி இருந்தால் பாதிச் சண்டை குறையும். "கணக்குக் கேட்டால் சந்தேகப்படுகிறான் என்று நினைப்பார்கள்" என்று வாயை மூடிக்கொண்டிருந்து, பிறகு 20 வருடச் சிநேகிதத்தை முறிப்பதை விட, முதல் நாளே கேட்பது மரியாதை. நகரத்தார் சொந்தத் தம்பிக்குக் கொடுத்ததையும் எழுதினார்கள். எழுதியதால்தான் அவர்களுக்குள் உறவு நிலைத்தது.

சங்கம், கோயில், பழைய மாணவர் அமைப்பு ஆகியவற்றின் கணக்கும் இப்படித்தான். வருடாந்தக் கூட்டத்தில் பொருளாளர் வாசித்துவிட்டு மடித்து வைக்கிற தாளாக அது இருக்கக்கூடாது. அங்கத்தவர் எவரும் கேட்டுப் பார்க்கக்கூடியதாக இருக்கவேண்டும். பொருளாளர் மாறும்போது கொப்பியும் கையெழுத்தோடு கை மாறவேண்டும். 3 வருடத் தவணை முடிந்த முகவர் செய்ததும் அதுதான்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். ஊரில் வியாபாரம் செய்த அப்பாவின், பேரனின் கணக்குக் கொப்பி, உறுதி, பற்றுச்சீட்டு, கடைப் பெயர் அச்சடித்த கடிதத் தாள் எதுவும் உங்கள் அலுமாரிக்குள் இருந்தால் வீடு மாறும்போது குப்பையில் போட்டுவிடாதீர்கள். 2005இல் தொடங்கப்பட்ட நூலகம் திட்டம் போன்றவை எங்கள் எழுத்தாவணங்களை எண்ணிமமாக்கிச் சேர்த்து வருகின்றன. அங்கே கொடுக்க விருப்பமில்லாவிட்டால், பிள்ளைகளைக் கூப்பிட்டு ஒரு பக்கத்தையாவது விரித்து, இது வரவு, இது பற்று என்று காட்டுங்கள். பேரப்பிள்ளைக்கு அது தாத்தாவின் கையெழுத்து. நாளைக்கு எங்கள் சரித்திரம் எழுத வருகிறவருக்கு அது ஆதாரம்.

"எண்ணிச் செய்கிறவன் செட்டி, எண்ணாமல் செய்கிறவன் மட்டி" என்று எங்கள் பெரியவர்கள் சொன்னார்கள். இந்தச் சித்திரையில் கைவிசேடம் வாங்கியவுடன் ஒரு கொப்பியை எடுங்கள். பிள்ளையார் சுழியோ, சிலுவையோ, பிறையோ, உங்கள் நம்பிக்கைப்படி ஒன்றைப் போட்டு முதல் வரியை எழுதுங்கள். கைவிசேடமாகக் கிடைத்த அந்தக் காசே இந்த வருடத்தின் முதல் வரவாக இருக்கட்டும்.

எல்லோருக்கும் இனிய சித்திரைப் புத்தாண்டு வாழ்த்துக்கள்!